ஈசி சுத்தமாக இருந்தால் போதுமா? நிலம் வாங்குவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

"ஈசி போட்டுப் பார்த்தாச்சு, ஒண்ணும் இல்ல" என்ற பேச்சை நம்பி அட்வான்ஸ் கொடுப்பதுதான் தமிழ்நாட்டில் நிலம் வாங்குவோர் செய்யும் முதல் தவறு. நீங்கள் கொடுத்த சர்வே எண்ணுக்கு, கேட்ட காலத்துக்குள், அந்தச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவானவை மட்டுமே ஈசி எனப்படும் வில்லங்கச் சான்றில் வரும். எண் தப்பினால் சான்று வெறுமையாக வரும், நிலமோ அடமானத்தில் கிடக்கும்.

உதாரணமாக 112/3 என்ற புலம் பிறகு 112/3ஏ, 112/3பி என உட்பிரிவாகியிருக்கலாம். 112/3ஏ-க்கு மட்டும் தேடினால், பிரிவதற்கு முன் 112/3-இன் மேல் எழுதிய அடமானமோ பாகப்பிரிவினையோ கண்ணில் படாமல் போகலாம். இன்றைய உட்பிரிவுக்கும் அதன் தாய் எண்ணுக்கும் தனித்தனியாக விண்ணப்பியுங்கள். நில ஆவணங்களைப் புதுப்பிக்க அரசு நடத்திய யுடிஆர் நில அளவையில் எண் மாறியிருந்தால் பழைய எண்ணுக்கும் போட வேண்டும். கிராமம் முன்பு வேறு சார்பதிவகத்தில் இருந்ததா என்றும் விசாரியுங்கள். குறைந்தது 30 ஆண்டுகள் பார்க்க வேண்டும். கணினியில் ஏறாத காலத்துக்கு அலுவலகத்தில் கையால் தேடிக் கொடுப்பார்கள். அந்த அலைச்சலுக்குச் சோம்பக் கூடாது.

பதிவு செய்த உயில்கூட ஈசியில் வராது, அது வேறு புத்தகத்தில் ஏறுகிறது. நிலுவையில் உள்ள வழக்கும் பெரும்பாலும் வராது. விற்பவர் பெயரை நீதிமன்ற வழக்குகளைக் காட்டும் ஈகோர்ட்ஸ் தளத்திலும், வங்கி அடமானத்தை அதற்கான மத்தியப் பதிவேடான செர்சாயிலும் தேடுங்கள்.

அடுத்த தவறு, பட்டாவையே உரிமைப் பத்திரமாக எடுத்துக்கொள்வது. பட்டா வருவாய்த் துறைப் பதிவு, உரிமை வருவது பத்திரத்தின் வழியே. ஆனாலும் கிராமத்தின் ஒவ்வொரு சர்வே எண்ணுக்கும் விவரம் தரும் அ-பதிவேட்டை அவசியம் பாருங்கள். நிலம் புறம்போக்கா, கோயிலுக்குரியதா, பட்டியல் சாதியினருக்கென அரசு ஒதுக்கிய பஞ்சமி நிலமா என்பதற்கான தடயம் அங்கே கிடைக்கும். பஞ்சமி நிலத்தைப் பட்டியல் சாதியினர் அல்லாதவர் வாங்கினால் அந்தக் கிரயம் நிற்காது.

பத்திரத்தின் ஜெராக்ஸை மட்டும் வாங்கி வக்கீலிடம் கொடுத்துவிடாதீர்கள். அசலைக் கையில் வாங்கிப் பாருங்கள். சார்பதிவகத்தில் சான்றிட்ட நகல் எடுத்து, பக்க எண்ணிக்கை, பரப்பு, நான்கெல்லை எல்லாவற்றையும் அசலோடு ஒப்பிடுங்கள். முந்தைய உரிமையைக் காட்டும் தாய்ப்பத்திரம் தொலைந்துவிட்டது என்று சொன்னால், அது எங்காவது கடனுக்கு ஈடாக இருக்கலாம் என்றே முதலில் சந்தேகப்படுங்கள். காவல்துறையின் 'கண்டுபிடிக்க முடியவில்லை' சான்றும் பத்திரிகை விளம்பரமும் இல்லாமல் நகர வேண்டாம். பரப்புக் கணக்கையும் பாருங்கள். விற்பவர் 1 ஏக்கர் 20 சென்ட் வாங்கி, அதில் 80 சென்ட் ஏற்கெனவே விற்றிருந்தால் மிச்சம் 40 சென்ட்தான். அவர் 50 சென்ட் எழுதித் தந்தாலும் அந்த 10 சென்ட் உங்களுக்கு வராது. இந்தக் கணக்கை முடித்தபின் நிலத்தின் எல்லை அளவுகள் உள்ள புலப்படத்தை வைத்துச் சர்வேயரைக் கொண்டு அளந்துவிடுங்கள்.

குடும்பச் சொத்தில் வழக்கு முளைப்பது பெரும்பாலும் வாரிசு விஷயத்தில். '2005-க்குப் பிறகுதான் பெண்களுக்குப் பங்கு' என்று பலர் நினைக்கிறார்கள். இந்து ஆண் ஒருவர் சுயமாகச் சம்பாதித்த சொத்தில், உயில் எழுதாமல் இறந்தால், மகளுக்குச் சம பங்கு 1956 இந்து வாரிசுரிமைச் சட்டத்திலேயே இருக்கிறது. 2005 திருத்தம் தந்தது பூர்வீகச் சொத்தில் பிறப்புரிமையை. இறந்தவரின் தாய் அப்போது உயிரோடு இருந்திருந்தால் அவருக்கும் ஒரு பங்கு உண்டு. இதைத்தான் அதிகம் விட்டுவிடுகிறார்கள். பங்குள்ள ஒவ்வொருவரும் கிரயப் பத்திரத்தில் கையெழுத்திட வேண்டும், அல்லது தன் பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரத்தை முன்பே எழுதியிருக்க வேண்டும். மைனர் பங்கு இருந்தால் நீதிமன்ற அனுமதி கேளுங்கள்.

உரிமையாளர் எழுதிக் கொடுத்த அதிகாரப் பத்திரத்தை (பவர்) வைத்து ஒரு பவர் ஏஜெண்ட் விற்கிறார் என்றால், பவர் கொடுத்தவரை நேரில் பார்க்காமல் பணம் தராதீர்கள். அவர் இறந்துவிட்டால் சாதாரணப் பவர் அத்தோடு முடிந்துபோகிறது. பவர் கொடுத்தவர் உயிரோடு இருக்கிறார் என்பதற்கான உயிர்வாழ் சான்றின் தேதி 30 நாளுக்குள் இருக்கிறதா, பவர் ரத்தாகியிருக்கிறதா என்றும் பாருங்கள்.

அட்வான்ஸ் கொடுத்த நாளுக்கும் கிரய நாளுக்கும் நடுவில் வேறு யாருக்காவது அக்ரிமெண்ட் பதிவாகலாம். அதனால் பதிவுக்குக் கிளம்பும் காலையில் எல்லா எண்களுக்கும் ஈசியை மறுபடி எடுங்கள். அதைப் பார்த்த பிறகே மீதித் தொகைக்கான டிடியைக் கொடுங்கள்.