தாத்தா ஊரின் தலைக்கணக்கைத் தேடுவது எப்படி

மகளுக்குப் பள்ளியில் வம்சாவளி பற்றி ஒரு புராஜெக்ட். கொள்ளுத் தாத்தா ஊர் எந்த மாவட்டம், அங்கே எத்தனை பேர் இருக்கிறார்கள், இரண்டே கேள்வி. அரை மணி நேர வேலை என்று நினைத்து உட்கார்ந்தவன் மூன்று ராத்திரி முழித்தேன். சிங்கப்பூரில் இதே தேடலில் இருப்பவர்களுக்காக நான் இடறிய இடங்களை எழுதி வைக்கிறேன்.

வீட்டில் இருக்கும் பழைய காகிதத்திலிருந்து தொடங்குங்கள். பாஸ்போர்ட், நிலப்பத்திரம், கடித உறை, எதுவானாலும் சரி. எங்களிடம் இருந்த பத்திர நகலில் 'தஞ்சாவூர் ஜில்லா, அறந்தாங்கி தாலுகா' என்று இருந்தது. தஞ்சாவூர்ப் பட்டியலை மேலும் கீழும் புரட்டினேன், ஊரைக் காணோம். எப்படி இருக்கும், 1974இல் புதுக்கோட்டை மாவட்டம் உருவானபோதே அறந்தாங்கி அதில் சேர்ந்துவிட்டதே! பழைய தஞ்சாவூர் ஜில்லா என்றால் இப்போது நாகப்பட்டினம் (1991), திருவாரூர் (1997), மயிலாடுதுறை (2020) எல்லாவற்றிலும் தேட வேண்டும். பழைய இராமநாதபுரம் என்றால் 1985இல் பிரிந்த சிவகங்கையையும் பாருங்கள். பத்திரத்தில் 'பட்டுக்கோட்டை பதிவு மாவட்டம்' என்று இருந்தால் அது பத்திரப்பதிவுத் துறையின் பிரிவு, ஆட்சியர் உட்காரும் மாவட்டம் இல்லை. பின்கோடையும் நம்ப வேண்டாம், அது தபால்காரர் கணக்கு.

அடுத்ததுதான் பெரிய குழப்பம். 'கிராமம்' என்ற ஒரே சொல்லை இரண்டு அலுவலகங்கள் வேறு வேறு அர்த்தத்தில் புழங்குகின்றன. வருவாய்த் துறைக்கு வருவாய் கிராமம், அதற்கு ஒரு விஏஓ (கிராம நிர்வாக அலுவலர்), மேலே குறுவட்டம் (ஊரில் பிர்கா என்பார்கள்), வட்டம், கோட்டம், மாவட்டம். பட்டா, சாதிச் சான்று, பிறப்பு இறப்புப் பதிவு எல்லாம் இந்த வழி. ஊரக வளர்ச்சித் துறைக்கோ கிராம ஊராட்சி, அதற்கு மேலே ஊராட்சி ஒன்றியம். தெருவிளக்கு, குடிநீர், வீட்டு வரி, நூறு நாள் வேலை இந்த வழி. இரண்டின் எல்லையும் ஒன்றாக இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை, ஒன்றியத்தின் பெயரும் வட்டத்தின் பெயரும்கூட வேறாக இருக்கலாம். சிராங்கூனில் குடியிருந்துகொண்டு மரின் பரேட் குழுத்தொகுதியில் ஓட்டுப் போட்டவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

ஊருக்கு போன் போட்டு 'எந்த கிராமம்?' என்று கேட்டால் பதில் ஆளுக்கு ஒன்றாக வரும். 'எந்த விஏஓகிட்ட கையெழுத்து வாங்குவீங்க, எந்தப் பிரசிடெண்டுக்கு ஓட்டுப் போடுவீங்க?' என்று கேளுங்கள். இரண்டு சங்கிலியும் கைக்கு வந்துவிடும். சரிபார்க்க, தமிழக அரசின் பட்டா தளத்தில் மாவட்டம், வட்டம், கிராமம் என்று வரிசையாகத் தேர்ந்தெடுத்துப் பாருங்கள்.

இனி தலைக்கணக்கு. 2021 கணக்கெடுப்பு கொரோனாவால் தள்ளிப்போய் இப்போது 2027க்கு வைத்திருக்கிறார்கள், அதனால் கையில் இருப்பது 2011 எண்கள்தான். கணக்கெடுப்புத் தளத்தில் மாவட்டத்துக்கு ஒரு கையேடு உண்டு. அதன் முதல் பகுதியில் பள்ளி, சாலை, ஆஸ்பத்திரி வசதிகள், இரண்டாம் பகுதியில் ஊர்வாரியாக வீடுகள், ஆண், பெண், படித்தவர்கள், உழவர்கள், கூலிக்காரர்கள். அப்போது தமிழ்நாட்டில் 32 மாவட்டங்கள்தான், இன்று 38. தென்காசிப் பக்கத்து ஊரைத் திருநெல்வேலியில் தேட வேண்டும். ஆங்கில எழுத்துக்கூட்டல் சோதிக்கும்: 'கீழ' என்பதை மூன்று விதமாகவாவது எழுதிப் பாருங்கள். ஊர் கிடைத்ததும் பக்கத்தில் இருக்கும் ஆறு இலக்க எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள், ஒரே பெயரில் பத்து புதூர் இருந்தாலும் ஒவ்வொன்றுக்கும் எண் வேறு. பெரிய ஊர்கள் இரண்டாகவும் இருக்கும்: வடுவூர் வடபாதி, வடுவூர் தென்பாதி மாதிரி. இரண்டையும் கூட்டினால்தான் ஊர்.

படிப்பறிவு விகிதம் போடும்போது ஆறு வயது வரையுள்ள குழந்தைகளை மொத்தத்திலிருந்து கழித்துவிடுங்கள். நான் கழிக்காமல் போட்டு, ஊரையே படிக்காத ஊராக்கி மகளிடம் திட்டு வாங்கினேன். அப்புறம், பெண்கள் எண்ணிக்கை கூடுதலாக இருந்தால் ஆச்சரியப்படாதீர்கள். தஞ்சாவூர் மாவட்டத்திலேயே 2011இல் ஆயிரம் ஆண்களுக்கு 1,035 பெண்கள். வெளிநாட்டு வேலைக்குப் போன ஆண்களை இந்தக் கணக்கு சேர்ப்பதில்லை என்பதும் ஒரு காரணம்.

இவ்வளவு தேடியும் ஊர் கிடைக்கவில்லையா? அப்படியானால் அது உட்கிடையாக இருக்கும், பழைய பத்திரத்தில் 'மஜரா' என்று பார்த்திருப்பீர்கள். கணக்கெடுப்புப் பட்டியலில் வருவாய் கிராமத்துக்குத்தான் தனி இடம் உண்டு, அதற்குள் இருக்கும் குக்கிராமத்துக்குத் தனி எண் கிடையாது. எங்கள் ஊர் அந்த ரகம். வாக்காளர் பட்டியலில் தெருவாரியாக எண்ணலாம், ஆனால் அதில் பதினெட்டு நிரம்பியவர்கள் மட்டும்தான். கடைசியில் சித்தப்பாவுக்கு போன் போட்டு 'கோயில் வரிக்கு எத்தனை தலைக்கட்டு?' என்று கேட்டேன் (தலைக்கட்டு என்றால் வரி கட்டும் குடும்பம்). யோசிக்காமல் 'எண்பத்தி ரெண்டு' என்றார். சிங்கப்பூரில் இருக்கும் எங்களையும் சேர்த்தா என்றேன். 'சேக்காம? ரெண்டு வருஷ பாக்கி நிக்குதே உங்க பேர்ல' என்றார்.