மன்னார்குடித் திண்ணையிலிருந்து லண்டன் சர்வருக்கு

ஊருக்கு வருகிறவர்களில் பலர் இப்போது இரண்டு வாரம் லீவு, இரண்டு வாரம் வேலை என்று பேசிவைத்துக்கொண்டு வருகிறார்கள். லண்டன்காரர்களுக்கு வசதிதான். குளிர்காலத்தில் அங்கே காலை 9 மணி என்றால் இங்கே மதியம் 2:30, சாப்பிட்டுவிட்டு உட்காரலாம். உட்காரும் இடத்தில்தான் சிக்கல்.

போன கார்த்திகையில் மன்னார்குடி பக்கம் சித்தப்பா வீட்டுத் திண்ணையிலிருந்து எஸ்எஸ்எச் (தூரத்துக் கம்ப்யூட்டருக்குள் பூட்டிய இணைப்பில் நுழையும் வழி) மூலம் ஆபீஸ் சர்வருக்குள் நுழைந்து, பெரிய டேட்டாபேஸ் ஒன்றை நகலெடுக்கப் போட்டிருந்தேன். மூன்று மணி நேர வேலை. இரண்டரை மணி நேரத்தில் கரண்ட் போனது. வீட்டில் இன்வெர்ட்டர் உண்டு, ஃபேன் சுற்றியது. ஆனால் டிவி ஸ்டாண்டில் இருந்த ரவுட்டர் அந்த லைனில் இல்லை. முக்கால் மணி நேரம் கழித்து நுழைந்தால் நகல் பாதியில் செத்துக் கிடந்தது.

"கம்ப்யூட்டர்தான் அணையவே இல்லையேப்பா?" என்றார் சித்தப்பா.

நியாயமான கேள்வி. அணையாதது லேப்டாப், வேலை நடந்தது லண்டனில். லேப்டாப் வெறும் கிளையன்ட், வேலையைச் செய்யச் சொல்லிக் கேட்கிற பக்கம். நீங்கள் தட்டும் எழுத்துகூட பூட்டிய கடிதம்போல சர்வருக்குப் போய், அது திருப்பி அனுப்பிய பிறகுதான் திரையில் தெரியும். கண்ணாடி இழையில் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் ஓடும். லண்டன் 8,000 கிலோமீட்டருக்கு மேல். போய்வர 80 மில்லிநொடிக்குக் குறையாது. கேபிள் சுற்றி வருவதால் நிஜத்தில் இன்னும் கூடும். மேட்டூரில் திறந்த தண்ணீர் கடைமடைக்கு உடனே வந்துவிடுமா? எந்த சிம் போட்டாலும் இந்தத் தாமதம் போகாது.

நகல் ஏன் செத்தது? இணைப்பு அறுந்ததும் சர்வர் அந்த டெர்மினலை (கட்டளை அடிக்கும் திரையை) மூடி, அதில் ஓடிய வேலைக்கு 'ஹேங்-அப்' சிக்னல் கொடுக்கிறது. போன் லைனில் மோடம் வைத்து நுழைந்த காலத்துப் பெயர்: எதிராளி போனை வைத்துவிட்டார் என்று அர்த்தம். இதற்கு மருந்து டீமக்ஸ் என்ற மென்பொருள். சர்வரிலேயே உட்கார்ந்து டெர்மினலைப் பிடித்துக்கொள்ளும். நுழைந்ததும் முதலில் அதைத் திறந்து, வேலையை அதற்குள் தொடங்குங்கள். இணைப்பு போனாலும் வேலை ஓடும். திரும்ப வந்து 'டீமக்ஸ் அட்டாச்' அடித்தால் விட்ட இடம் அப்படியே இருக்கும். வைஃபைக்கும் போன் ஹாட்ஸ்பாட்டுக்கும் மாறி மாறித் தாவுகிறவர்கள், அப்படித் தாவினாலும் அறுந்துபோகாத மாஷ் என்ற மென்பொருளைப் போட்டுக்கொள்ளலாம். ஆனால் அது சர்வரிலும் இருக்க வேண்டும், அது பேசும் வாசலான யூடிபி போர்ட் திறந்திருக்க வேண்டும். அட்மினிடம் புறப்படும் முன்பே கேளுங்கள். இந்தியாவிலிருந்து நுழைய அனுமதி உண்டா என்பதையும் சேர்த்து, எழுத்தில்.

லாகின் கோடு எஸ்எம்எஸ்ஸில் வருகிறதென்றால் கோடு தரும் மொபைல் ஆப்புக்கு மாற்றிவிடுங்கள், வெளிநாட்டு சிம்மை நம்ப வேண்டாம். சர்வருக்குள் நுழைய பாஸ்வேர்டுக்குப் பதில் சாவிக்கோப்பு, அதாவது லேப்டாப்பில் சாவிபோல வைத்திருக்கும் ரகசியக் கோப்பு. அதற்கும் ஒரு பாஸ்வேர்டு. சர்வரின் கைரேகை எண்ணை (அதை அடையாளம் காட்டும் 'ஃபிங்கர்பிரின்ட்') ஒரு தாளில் எழுதி பாஸ்போர்ட்டோடு வையுங்கள். கும்பகோணத்து லாட்ஜ் வைஃபையில் 'சர்வரின் அடையாளம் மாறியிருக்கிறது' என்று எச்சரிக்கை வந்தால், தாளோடு ஒப்பிடாமல் மேலே போகாதீர்கள். பிரவுசிங் சென்டர் கம்ப்யூட்டரில் ஆபீஸ் பாஸ்வேர்டு, வேண்டவே வேண்டாம்.

இந்த முறை இறங்கிய அன்றே எலெக்ட்ரீஷியனைக் கூப்பிட்டு ரவுட்டர் பிளக்கை இன்வெர்ட்டர் லைனுக்கு மாற்றினேன். "அப்படியே டிவியையும் மாத்திடு தம்பி" என்றார் சித்தப்பா.