விடுதலை ஆண்டு என்ற ஒற்றைக் கட்டம்: உலக நாடுகளைப் படிப்போர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

புதுச்சேரி முத்தியால்பேட்டையில், சனிக்கிழமை மாலைகளில், போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகளுக்கு உலக நாடுகளின் வரலாறும் அரசியலும் புவியியலும் சொல்லித் தருகிறேன். சென்ற வாரம் புதிதாகச் சேர்ந்த நான்கு பேரின் நோட்டுகளை வாங்கிப் பார்த்தபோது, நான்கிலும் ஸ்கேல் வைத்துக் கோடு போட்ட ஒரே மாதிரியான அட்டவணை இருந்தது: நாடு, தலைநகர், நாணயம், விடுதலை ஆண்டு. இருபது ஆண்டுகளுக்கு முன் நான் வைத்திருந்த நோட்டிலும் இதே நான்கு கட்டங்கள்தான். அந்த நான்காவது கட்டத்தை நம்பி ஒரு வேலையை இழந்தவன் நான். நாணயத்தின் பெயரை மாற்றி எழுதுவது, ஒலிப்பு ஒத்த நாடுகளைக் குழப்பிக்கொள்வது போன்றவற்றை முதல் மாதிரித் தேர்வு முடிந்ததுமே பிள்ளைகள் தாங்களாகத் திருத்திக்கொள்வார்கள் என்பதால் அவற்றை இங்கே விட்டுவிடுகிறேன்.

ஒரு நாடு, ஒரு தேதி

அன்று தேர்வில் வந்த வினா இதுதான்: புதுச்சேரி சட்டப்படி இந்தியாவுடன் இணைந்த நாள் எது? கொடுக்கப்பட்ட நான்கு விடைகளில் 1954 நவம்பர் 1, 1962 ஆகஸ்ட் 16 ஆகிய இரண்டுமே இருந்தன. நவம்பர் 1தான் பிரெஞ்சுக்காரர்கள் ஆட்சியை விட்டுப் போன நாள் என்று அப்பா சொல்லக் கேட்டு வளர்ந்த துணிவில், ‘சட்டப்படி’ என்ற சொல்லை ஊன்றிப் படிக்காமல் 1954ஐக் குறித்துவிட்டு அடுத்த வினாவுக்குப் போய்விட்டேன். தவறான விடைக்கு மூன்றில் ஒரு பங்கு மதிப்பெண் கழிப்பார்கள். கட் ஆஃப் வெளியானபோது எனக்கு ஒரு மதிப்பெண் குறைந்திருந்தது. சொந்த ஊரைப் பற்றிய அந்த ஒரு வினாவுக்குச் சரியாக விடை எழுதியிருந்தால் நான் தேறியிருப்பேன்.

நடந்தவற்றை வரிசையாக வைத்துப் பார்த்தால் இதில் குழப்பமே இல்லை. 1954 அக்டோபர் 18 அன்று கீழூரில் கூடிய மக்கள் பிரதிநிதிகள் 178 பேரில் 170 பேர் இந்தியாவுடன் இணைவதற்கு வாக்களித்தனர். நவம்பர் 1 அன்று நிர்வாகம் கைமாறியது. மாஹேயும் ஏனாமும் அதற்குச் சில மாதங்கள் முன்பே பிரெஞ்சுக்காரர்களின் கையைவிட்டுப் போயிருந்தன. ஒப்படைப்பு ஒப்பந்தம் 1956 மே 28 அன்றுதான் கையெழுத்தானது. பிரான்சின் ஆட்சியிலிருந்த அல்ஜீரியாவில் நடந்த விடுதலைப் போர் முடியும்வரை பிரெஞ்சு நாடாளுமன்றம் அதற்கு ஒப்புதல் அளிக்கவில்லை. ஒப்புதல் ஆவணங்கள் பரிமாறிக்கொள்ளப்பட்டு ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்த நாள் 1962 ஆகஸ்ட் 16. அதாவது, ஏறத்தாழ எட்டு ஆண்டுகள் இந்த ஊரை இந்தியா ஆண்டது, ஆனால் சட்டத்தின் பார்வையில் இது பிரான்சின் நிலமாகவே இருந்தது. யூனியன் பிரதேசமானது 1963 ஜூலை 1 அன்று. இவற்றுள் எது ‘விடுதலை ஆண்டு’ என்று ஒரே கட்டத்துக்குள் எழுதுவது?

ஆண்டைத் தவறாகச் சொன்னால் மதிப்பெண் மட்டும்தான் போகும் என்று நினைப்பவர்களுக்கு எங்கள் பக்கத்து வீட்டுத் தாத்தாவைப் பற்றிச் சொல்வேன். பிரெஞ்சு ராணுவத்தில் பணியாற்றி ஓய்வூதியம் பெற்றுவந்த அவரைத் தெருவில் எல்லாரும் சொல்தா (பிரெஞ்சில் படைவீரர்) என்றே அழைப்போம். இங்கே பிறந்து இங்கேயே வாழ்ந்த பிரெஞ்சுக் குடிமக்கள், பிரெஞ்சுக் குடியுரிமையைத் தக்கவைத்துக்கொள்ள விரும்பினால் ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்த நாளிலிருந்து ஆறு மாதங்களுக்குள் எழுத்து மூலம் அறிவிக்க வேண்டும் என்றும், அறிவிக்காதவர்கள் இந்தியக் குடிமக்கள் ஆவார்கள் என்றும் ஒப்பந்தம் கூறியது. அந்த ஆறு மாதக் கணக்கு தொடங்கிய நாள் 1962 ஆகஸ்ட் 16. 1954 நவம்பர் 1க்கு அந்தக் கணக்கில் இடமே இல்லை. தாத்தா அறிவித்தார், அவருடைய தம்பி அறிவிக்கவில்லை. அதனால் ஒரே வீட்டில் ஒரு கிளை பிரெஞ்சுக் குடிமக்களாகவும் மறு கிளை இந்தியக் குடிமக்களாகவும் இன்றுவரை இருக்கின்றன. அவர் அலமாரியிலிருந்த மஞ்சளேறிய காகிதத்தில் 1962 என்ற ஆண்டைச் சிறு வயதில் என் கண்ணாலேயே பார்த்திருக்கிறேன். படித்த பாடத்தோடு அதைச் சேர்த்துப் பார்க்கத் தோன்றவில்லை என்பதுதான் இன்றைக்கும் என்னை உறுத்துகிறது.

இந்தச் சிக்கல் நம் ஊருக்கு மட்டும் உரியதன்று. இந்தோனேசியா 1945 ஆகஸ்ட் 17 அன்று விடுதலையை அறிவித்தது. நான்கு ஆண்டுகள் போரும் பேச்சுவார்த்தையும் நடந்த பின், 1949 டிசம்பர் 27 அன்றுதான் நெதர்லாந்து ஆட்சியுரிமையை ஒப்படைத்தது. கினி-பிசாவு 1973 செப்டம்பரில் அறிவித்ததைப் போர்ச்சுகல் ஏற்றுக்கொள்ள ஓராண்டு ஆனது. கிழக்குத் திமோர் 1975 நவம்பர் 28 அன்று விடுதலையை அறிவித்து, பத்து நாள்கூட ஆகாத நிலையில் இந்தோனேசியப் படைகள் உள்ளே நுழைந்தன. அந்நாடு மீண்டும் விடுதலை பெற்றது 2002 மே 20 அன்று. வங்கதேசத்தில் 1971 மார்ச் 26 விடுதலை நாள், டிசம்பர் 16 வெற்றி நாள். அமெரிக்கா அறிவித்தது 1776இல், பிரிட்டன் பாரிஸ் ஒப்பந்தத்தின் வழியாக ஏற்றது 1783இல். இலங்கை 1948 பிப்ரவரி 4 அன்று விடுதலை பெற்றாலும் 1972 மே 22 வரை பிரிட்டிஷ் மன்னரையும் பின்னர் அரசியையுமே அரசுத் தலைவராகக் கொண்டிருந்தது.

கடைகளில் கிடைக்கும் கையேடுகள் பல, அமெரிக்காவுக்கு அறிவித்த ஆண்டையும் கிழக்குத் திமோருக்கு இறுதியாகக் கிடைத்த ஆண்டையும் ஒரே தலைப்பின் கீழ் அச்சிட்டு, எந்த அளவுகோலால் எதைத் தேர்ந்தோம் என்று ஒரு வரிகூடச் சொல்வதில்லை. அதைப் பார்க்கும்போதெல்லாம் இன்னும் எனக்கு எரிச்சல் மூள்கிறது. என் வகுப்பில் இப்போது அந்தக் கட்டத்தையே அடித்துவிட்டு, நாட்டுக்கு அரைப்பக்கம் ஒதுக்கச் சொல்கிறேன். ஒவ்வொரு தேதிக்கும் எதிரே ஒரு வினைச்சொல் இருக்க வேண்டும்: அறிவித்தது, கைமாறியது, கையெழுத்தானது, நடைமுறைக்கு வந்தது, பிறர் ஏற்றனர், குடியரசானது. வினாத்தாளிலும் முதலில் அந்த வினைச்சொல்லைத்தான் அடிக்கோடிட வேண்டும்.

‘அதிபர்’ என்ற சொல்

தமிழில் செய்தி படிப்பவர்களுக்கே உரிய தவறு இது. அமெரிக்காவின் அதிபர் அரசுத் தலைவராகவும் அரசாங்கத்தை நடத்துபவராகவும் இருக்கிறார். ஜெர்மனியில் அரசுத் தலைவர் வேறு, அரசாங்கத்தை நடத்தும் சான்சலர் வேறு. நம் செய்திகளிலோ சான்சலரையே ஓரிடத்தில் அதிபர் என்றும் மற்றோரிடத்தில் பிரதமர் என்றும் எழுதுகிறார்கள். பிரான்சில் அதிபரும் உண்டு, பிரதமரும் உண்டு, அதிகாரம் இருவரிடையே பகிரப்பட்டிருக்கிறது. பதவியின் பெயரைத் தமிழில் எழுதியதும், அவர் சட்டத்தில் கையெழுத்திடுபவரா, அமைச்சரவையை நடத்துபவரா என்பதைப் பக்கத்தில் குறித்துக்கொள்ளுங்கள்.

தலைநகரும் அரசு இருக்கும் இடமும்

நெதர்லாந்தின் தலைநகர் ஆம்ஸ்டர்டாம், நாடாளுமன்றமும் அமைச்சகங்களும் இருப்பது தி ஹேக் நகரில். பொலிவியாவின் அரசமைப்புச் சட்டத் தலைநகர் சுக்ரே, அரசாங்கம் நடப்பது லா பாஸில். தென்னாப்பிரிக்காவில் நிர்வாகம் பிரிட்டோரியா, நாடாளுமன்றம் கேப்டவுன், உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் புளோம்ஃபோன்டைன்.

பெயர் மாறிய நாடுகள்

சுவாசிலாந்து 2018 முதல் எஸ்வாத்தினி, மாசிடோனியா 2019 முதல் வட மாசிடோனியா. பழைய கையேட்டை விட்டுவிடுங்கள்.

இரண்டு காங்கோ

காங்கோ ஆற்றுக்கு இக்கரையில் காங்கோ குடியரசின் பிராசவில், அக்கரையில் காங்கோ ஜனநாயகக் குடியரசின் கின்ஷாசா. இரண்டும் தலைநகரங்கள், ஆனால் வெவ்வேறு நாடுகளுக்கு.

நாடு என்றால் ஒரே துண்டு நிலம்

கடலூரிலிருந்து பேருந்தில் வருகிற பிள்ளைகளுக்கு இதை விளக்கத் தேவையே இருக்கக் கூடாது. கன்னியக்கோயில் புதுச்சேரி, ரெட்டிச்சாவடி தமிழ்நாடு, தவளக்குப்பம் மறுபடியும் புதுச்சேரி என்று ஒரே சாலையில் எல்லை மாறி மாறி வருவதைத் தினமும் பார்க்கிறார்கள். அப்படியிருந்தும், உலக வரைபடத்தைக் கையில் கொடுத்தால் ரஷ்யாவின் கலினின்கிராடை லித்துவேனியாவுக்கும் அங்கோலாவின் கபிண்டாவைக் காங்கோவுக்கும் சேர்த்து வண்ணம் தீட்டிவிடுகிறார்கள். தென் அமெரிக்காவிலுள்ள பிரெஞ்சு கயானா குடியேற்ற நாடு அன்று, பிரான்சின் ஒரு பகுதி. அதனால்தான் பிரான்சின் மிக நீண்ட நில எல்லை ஸ்பெயினோடு அமையாமல் பிரேசிலோடு அமைந்திருக்கிறது. இந்தியாவும் வங்கதேசமும் ஒன்றின் நிலத்துக்குள் மற்றொன்றுக்கு இருந்த 162 நிலத்திட்டுகளை 2015இல் பரிமாறிக்கொண்டதையும் இதோடு சேர்த்துப் படியுங்கள். அவற்றுள் 111 வங்கதேசத்துக்கும் 51 இந்தியாவுக்கும் சென்றன.

வரைபடத்தில் தெரியும் அளவு

சுவரில் தொங்கும், துருவங்களை நெருங்க நெருங்க நிலத்தைப் பெரிதாக்கிக் காட்டும் மெர்கேட்டர் வரைபடத்தில் கிரீன்லாந்து ஆப்பிரிக்காவுக்கு நிகராகத் தெரியும். உண்மையில் ஆப்பிரிக்கா அதைப் போல 14 மடங்கு பெரியது.

அக்டோபர் புரட்சி

அது நடந்தது 1917 நவம்பர் 7 அன்று. ரஷ்யா அப்போது பின்பற்றிய, இன்றைய நாள்காட்டிக்கு 13 நாள் பின்தங்கிய ஜூலியன் நாள்காட்டியில் அது அக்டோபர் 25. மறு ஆண்டு அங்கே ஜனவரி 31க்கு அடுத்த நாளைப் பிப்ரவரி 14 என்று மாற்றி வைத்தார்கள். நோட்டில் இரண்டு தேதிகளையும் எழுதி, எது எந்த நாள்காட்டி என்று குறித்து வையுங்கள்.