ராலே பக்கம் புதிதாக வந்தவர்களுக்கு: நவம்பர் முதல் ஏப்ரல் வரை கூடைப்பந்துக் காலம்

அமெரிக்காவின் நார்த் கரோலினா மாநிலத்தில் ராலே, டர்ஹம், சேப்பல் ஹில், கேரி, மோரிஸ்வில் என்று எந்த ஊரில் வீடு பிடித்திருந்தாலும் சரி, நவம்பர் பிறந்ததும் ஒரு கேள்வி உங்களைத் தேடி வரும்: "நீங்க யார் பக்கம்?" பக்கத்து வீட்டுக்காரர் குப்பைத் தொட்டியைத் தெருவோரம் தள்ளிக்கொண்டே கேட்பார். பல் டாக்டர் உங்கள் வாயைத் திறக்கச் சொல்லிவிட்டுக் கேட்பார். பிள்ளை பள்ளி விட்டு வந்து, "அப்பா, நாம டியூக்கா, கரோலினாவா?" என்று நிற்கும். அரசியல் கேள்வி என்று பயப்பட வேண்டாம். கல்லூரிக் கூடைப்பந்தைத்தான் கேட்கிறார்கள்.

லைசென்ஸ், கிரெடிட் கார்டு, மளிகைக்கடை, கேரி பாலாஜி கோயில் எல்லாவற்றுக்கும் வழி சொல்ல ஆள் இருக்கிறது. இந்த விஷயத்தை மட்டும் யாரும் உட்கார்ந்து சொல்லித் தருவதில்லை. மோரிஸ்வில் மைதானத்தில் கிரிக்கெட் பார்த்துவிட்டு நம்மவர்களோடு மட்டுமே பேசித் திரும்புவது சுகம்தான். ஆனால் இந்த ஊர்க்காரர்களோடு ஆபீஸ் வேலை தாண்டிப் பேச வேண்டுமென்றால், குளிர்காலத்தில் இதைவிட எளிய வாசல் இல்லை. ஆட்டம் பிடிக்க வேண்டும் என்றுகூட அவசியமில்லை, காலண்டர் தெரிந்தால் போதும்.

இந்த ஊர் அணிகள் ஆடும் ஏ.சி.சி., அதாவது அட்லாண்டிக் கோஸ்ட் கான்ஃபரன்ஸ், பல்கலைக்கழகங்கள் சேர்ந்து நடத்தும் ஒரு போட்டிக் கூட்டமைப்பு. 1953-இல் இங்கிருந்து ஒன்றேகால் மணி நேர தூரத்திலுள்ள கிரீன்ஸ்பரோவில் ஏழு பல்கலைக்கழகங்களோடு ஆரம்பித்தது. அதில் நான்கு இந்த மாநிலத்தவை: டர்ஹமில் டியூக், சேப்பல் ஹில்லில் நார்த் கரோலினா, ராலேயில் நார்த் கரோலினா ஸ்டேட், இன்று வின்ஸ்டன்-சேலத்தில் இருக்கும் வேக் ஃபாரஸ்ட். பேச்சில் வெறும் "கரோலினா", "ஸ்டேட்" என்றுதான் சொல்வார்கள். முதல் மூன்றும் ஒன்றுக்கொன்று அரை மணி நேர கார் தூரம். டியூக்குக்கும் கரோலினாவுக்கும் நடுவே சுமார் 10 மைல்தான், பகை மட்டும் கண்டம் விட்டுக் கண்டம். இன்று கூட்டமைப்பில் 18 உறுப்பினர்கள். 2024-இல் கலிஃபோர்னியாவின் ஸ்டான்ஃபர்டும் பெர்க்லியும்கூடச் சேர்ந்துவிட்டன. அட்லாண்டிக் கரை எங்கே, அவர்கள் எங்கே என்று கேட்காதீர்கள். டிவிப் பணம் போகிற இடத்துக்குக் கரையும் போகும்.

இதனால் பழைய ரசிகர்களுக்கு ஒரு தீராத மனக்குறை. 2004 வரை ஒன்பது அணிகள். ஒவ்வொன்றும் மற்ற எட்டோடும் ஊரில் ஒன்று, வெளியூரில் ஒன்று என்று இரண்டு முறை மோதும். இப்போது ஒரே மாநிலத்து அணிகள்கூட சில வருஷம் ஒரு முறைதான் சந்திக்கின்றன. ஐம்பது வயது தாண்டிய சகஊழியரிடம் பேச்சு கொடுக்க வேண்டுமா? "முன்னாடி எல்லாரும் ரெண்டு தடவை ஆடுவாங்களாமே?" என்று கேட்டுவிட்டு காபியை எடுத்துக்கொள்ளுங்கள். அரை மணி நேரம் அவரே பார்த்துக்கொள்வார்.

யார் பக்கம் நிற்பது?

டியூக்குக்கு அடர்நீலம், கரோலினாவுக்கு வெளிர்நீலம், ஸ்டேட்டுக்குச் சிவப்பு. டர்ஹம் ஆட்டத்துக்கு வெளிர்நீலச் சட்டையோடு போய் நிற்காதீர்கள். யாரும் அடிக்க மாட்டார்கள், ஆனால் தெரியாமல் போட்டுக்கொண்டேன் என்று எத்தனை பேரிடம் சொல்வது?

"எனக்கு ரெண்டு பேரையும் பிடிக்கும்" என்ற பதில் மட்டும் இங்கே செல்லாது. "இப்பதான் வந்திருக்கேன், இன்னும் முடிவு பண்ணலை" என்றால் மரியாதை உண்டு. கேட்டவர் உடனே தன் கட்சிக்கு ஆள் பிடிக்கத் தொடங்குவார், அதுவே நல்ல பேச்சு. நீங்களோ உங்கள் துணையோ இவற்றில் ஒன்றில் படித்தால் பிரச்சினையே இல்லை. மற்றவர்களுக்குப் பொதுவாகச் சொன்னால், கரோலினா மைக்கேல் ஜோர்டான் படித்த பல்கலைக்கழகம். 1982 தேசிய இறுதி ஆட்டத்தில் முதலாமாண்டு மாணவராக அவர் போட்ட கூடைதான் கோப்பையைக் கொண்டுவந்தது. டியூக் என்றால் 1980 முதல் 2022 வரை பயிற்சியாளராக இருந்து ஐந்து தேசியப் பட்டங்கள் வென்ற மைக் ஷஷெஃப்ஸ்கி. பெயரை உச்சரிக்க இந்த ஊர்க்காரர்களே சிரமப்பட்டு "கோச் கே" என்று முடித்துக்கொண்டார்கள். அவருடைய கடைசி உள்ளூர் ஆட்டத்திலும், அடுத்த மாதம் நியூ ஆர்லியன்ஸில் நடந்த தேசிய அரையிறுதியிலும் அவரைத் தோற்கடித்து அனுப்பியது கரோலினா. அந்த அரையிறுதியின் ஸ்கோர் 81-77. கரோலினாக்காரர் யாரும் இந்த எண்ணை மறந்ததாகத் தெரியவில்லை.

எங்கள் வீட்டில் ஸ்டேட். காரணம் 2024. அந்த சீசனில் ஸ்டேட் கடைசி நான்கு ஆட்டங்களையும் வரிசையாகத் தோற்று, கான்ஃபரன்ஸில் பத்தாவது இடத்தில் முடித்தது. மார்ச்சில் தொடங்கும், 68 அணிகள் மோதும் தேசியப் போட்டிக்கு அழைப்பு வர வாய்ப்பே இல்லை. மீதி இருந்த ஒரே வழி, சீசன் முடிவில் நடக்கும் ஏ.சி.சி. டோர்னமெண்டை வெல்வது. அதை வெல்லும் அணிக்கு, அதற்கு முன் எத்தனை தோற்றிருந்தாலும், தேசியப் போட்டியில் நேரடி இடம். முதல் நான்கு இடத்தில் இருப்பவர்கள் வியாழக்கிழமைதான் களமிறங்குவார்கள். பத்தாமிடத்துக்காரர் செவ்வாய்க்கிழமையே தொடங்க வேண்டும். அதாவது ஐந்து நாளில் ஐந்து வெற்றி. செவ்வாய் லூயிவில், புதன் சிரக்யூஸ், வியாழன் டியூக். வெள்ளிக்கிழமை வர்ஜீனியாவிடம் தோற்கும் நிலை. கடைசி நொடியில் மைக்கேல் ஓ'கானல் எறிந்த மூன்று புள்ளிப் பந்து பலகையில் பட்டு உள்ளே விழுந்து ஆட்டம் சமனானது, கூடுதல் நேரத்தில் ஜெயித்தார்கள். சனிக்கிழமை கரோலினாவை 84-76 என்று சாய்த்து, 1987-க்குப் பிறகு முதல் ஏ.சி.சி. பட்டம். அதோடு நிற்காமல் தேசிய அரையிறுதிவரை போனார்கள். நடுவில் டியூக்கை இன்னொரு முறையும் தோற்கடித்தார்கள். அணியின் நடுநாயகம் டி.ஜே. பர்ன்ஸ், 275 பவுண்டு எடை, இடது கை, முகத்தில் எப்போதும் சிரிப்பு. அந்த மார்ச்சில் ராலே வீதிகளில் சிவப்புச் சட்டை போடாதவரைப் பார்ப்பதே அரிது. அதே வருஷம் ஸ்டேட்டின் பெண்கள் அணியும் தேசிய அரையிறுதிக்குப் போனது.

டிக்கெட்டுக்கு என்ன வழி?

டியூக்கின் கேமரன் உள்ளரங்கம் 1940-இல் திறந்தது. இருக்கைகள் 9,314 மட்டுமே. வெளியாள் ஏ.சி.சி. ஆட்டத்துக்கு டிக்கெட் வாங்குவது பர்ஸுக்கு நல்லதல்ல. டியூக்கில் மாஸ்டர்ஸோ பிஎச்.டி.யோ படிக்க வந்தவர்களுக்கு ஒரு தனி வழி உண்டு. செப்டம்பரில் ஒரு வார இறுதி முழுக்க வளாகத்தில் முகாமிட வேண்டும். இரவு பகல் பாராமல் திடீர் திடீரென்று வருகைப் பதிவு நடக்கும். அதில் ஆஜரானவர்களின் பெயர்தான் சீசன் டிக்கெட் குலுக்கலுக்குப் போகும். இளநிலை மாணவர்கள் இதையும் மிஞ்சுவார்கள், கரோலினா ஆட்டத்துக்காக ஜனவரிக் குளிரில் வாரக்கணக்கில் கூடாரம் போட்டுப் படுத்துக் கிடப்பார்கள். சும்மா போய்ப் பார்த்துவிட்டு வரலாம்.

கரோலினாவின் டீன் ஸ்மித் சென்டரில் இருபதாயிரத்துக்கும் மேல் இடம் இருக்கிறது, ஆனால் நன்கொடையாளர்கள் முன்வரிசையில் அமைதியாக உட்கார்ந்திருப்பதால் சத்தம் கொஞ்சம் குறைவு என்பது என் கருத்து. ஸ்டேட் ஆண்கள் அணி ஆடும் லெனோவோ சென்டர், ஐஸ் ஹாக்கி அணியோடு பகிர்ந்துகொள்ளும் பெரிய அரங்கம். டிக்கெட் கிடைப்பதும் ஒப்பீட்டில் சுலபம். கார் இல்லாமல் போவதை மறந்துவிடுங்கள்.

குடும்பத்தோடு முதல் முறை போகிறவர்களுக்கு நான் சொல்வது பெண்கள் ஆட்டம். விலை பல மடங்கு குறைவு, ஆட்டத்தின் தரம் முதல் தரம், பிள்ளைகள் களத்துக்குப் பக்கத்திலேயே உட்காரலாம். டியூக் பெண்கள் ஆடுவதும் அதே கேமரனில்தான். ஆண்கள் ஆட்டத்துக்கு உள்ளே நுழைய முடியாத அந்த அரங்கத்தை நிதானமாகப் பார்க்கலாம். கரோலினா பெண்கள் ஆடும் கார்மைக்கேல் அரங்கில்தான் ஜோர்டான் மாணவராக ஆடினார். ஆண்கள் ஆட்டம்தான் வேண்டும் என்றால் நவம்பர், டிசம்பரில் ஏ.சி.சி.க்கு வெளியிலிருந்து வரும் சின்னக் கல்லூரிகளோடு நடக்கும் ஆட்டங்களைத் தேடுங்கள். மாணவர்கள் விடுமுறைக்குக் கிளம்பியிருப்பார்கள், இடம் காலியாக இருக்கும்.

பெரிய கைப்பைக்கு அனுமதி இல்லை, உள்ளே தெரிகிற பிளாஸ்டிக் பைதான். புளியோதரை கட்டிக்கொண்டும் போக முடியாது. சைவக்காரர்களுக்கு பாப்கார்ன், பிரெட்சல், சீஸ் பீட்சா என்று வண்டி ஓடும். மோரிஸ்வில்லில் தோசை சாப்பிட்டுவிட்டுக் கிளம்புவது உத்தமம். வார நாளில் சில ஆட்டங்கள் இரவு 9 மணிக்குத்தான் தொடங்கும். மறுநாள் பள்ளி இருக்கிற பிள்ளைகள் இருந்தால் டிக்கெட்டில் நேரத்தைப் பார்த்துவிட்டு வாங்குங்கள்.

கடைசி இரண்டு நிமிடம்

ஊரில் பள்ளியில் கூடைப்பந்து ஆடியவர்களுக்கும் இங்கே ஒன்று புதிராக இருக்கும். ஆண்கள் ஆட்டம் 20 நிமிடம் வீதம் இரண்டு பாதி, பெண்களுக்குப் பத்து நிமிடம் வீதம் நான்கு. கடிகாரத்தில் இரண்டு நிமிடம் மீதி என்று காட்டும், ஆனால் முடியக் கால் மணி நேரம் ஆகும். பின்தங்கிய அணி வேண்டுமென்றே ஃபவுல் செய்வதைப் பார்ப்பீர்கள். முட்டாள்தனம் இல்லை, கணக்கு. ஃபவுல் செய்தால் கடிகாரம் நிற்கும், எதிரணி ஃப்ரீ த்ரோ (யாரும் தடுக்காமல் கூடைக்கு எறிவது) எறியும், அதற்குப் பிறகு பந்து தங்கள் கைக்கு வரும். ஆண்கள் ஆட்டத்தில் ஒரு பாதியில் ஏழாவது ஃபவுலிலிருந்து, முதல் எறி உள்ளே போனால்தான் இரண்டாவது எறி. பத்தாவதிலிருந்து எப்படியும் இரண்டு. ஆகவே எதிரணியில் யார் எறிவதில் சுமாரோ அவரைத் தேடிப் பிடித்து ஃபவுல் செய்வார்கள். இது புரிந்துவிட்டால் சலிப்பாகத் தெரிந்த அந்தக் கால் மணி நேரம்தான் ஆட்டத்திலேயே ருசியான பகுதி. பாப்கார்ன் வாங்க வேண்டுமானால் கடிகாரம் 16, 12, 8, 4 நிமிடத்தைத் தாண்டியதும் வரும் டிவி இடைவேளையில் எழுந்திருங்கள்.

வீரர்கள் பெயரை மனப்பாடம் செய்ய மெனக்கெட வேண்டாம். அணி மாறுவது இப்போது சுலபமாகிவிட்டது, நல்ல பையன்கள் ஒரே வருஷத்தில் தொழில்முறை லீக்கான என்.பி.ஏ.வுக்கும் போய்விடுகிறார்கள். சட்டையின் நிறம்தான் நிலையானது.

மார்ச்

டியூக்-கரோலினா ஆட்டம் வழக்கமாக பிப்ரவரித் தொடக்கத்தில் ஒன்று, மார்ச் முதல் வாரத்தில் ஒன்று. கரோலினா ஜெயித்த இரவு சேப்பல் ஹில்லின் ஃபிராங்க்ளின் தெரு மாணவர்களால் நிரம்பிவிடும், அந்தப் பக்கம் காரை எடுத்துக்கொண்டு போகாதீர்கள். அடுத்த வாரம் ஏ.சி.சி. டோர்னமெண்ட். 18 அணிகளில் 15-க்குத்தான் இடம், மற்ற மூன்றுக்கும் வீட்டில் டிவி. அந்த வெள்ளிக்கிழமைகளில் முன்பெல்லாம் வகுப்பறைக்கே டிவியை உருட்டிக்கொண்டு வருவார்கள் என்று இங்கே வளர்ந்தவர்கள் பெருமையாகச் சொல்வார்கள்.

அது முடிந்த ஞாயிறு மாலை, தேசியப் போட்டிக்கான 68 அணிகளையும் அறிவிப்பார்கள். திங்கட்கிழமை ஆபீஸில் "பிராக்கெட் போட்டாச்சா?" என்று மின்னஞ்சல் வரும். எந்த ஆட்டத்தில் யார் ஜெயிப்பார் என்று 63 ஆட்டங்களுக்கும் முன்கூட்டியே ஊகித்துக் கொடுப்பதுதான் பிராக்கெட். ஒன்றும் தெரியாது என்று ஒதுங்காதீர்கள், தெரிந்தவர்களும் இதில் மண்ணைக் கவ்வுகிறார்கள். வியாழன் மதியம் முதல் ஆட்டம் தொடங்குவதற்குள் கொடுத்துவிட வேண்டும். 2024 மார்ச்சிலிருந்து இந்த மாநிலத்தில் ஃபோனில் பந்தயம் கட்டுவதும் சட்டப்படி ஆகிவிட்டது, 21 வயது ஆகியிருக்க வேண்டும். விளம்பரங்கள் தலையைத் தின்னும், அந்தப் பக்கம் போகாமல் பிராக்கெட்டோடு நிறுத்திக்கொள்வது நல்லது. அப்புறம் ஒன்று: அந்த வியாழன், வெள்ளி மதியங்களில் மீட்டிங் எதுவும் போடாதீர்கள். போட்டாலும் ஒத்துக்கொள்வார்கள், கேமராவை மட்டும் யாரும் ஆன் செய்ய மாட்டார்கள்.