மதுரை வானில் இரண்டாவது நிலா: எழுதுவோர் சறுக்கும் இடங்கள்

கதைக்காகப் பூமிக்கு இன்னொரு நிலாவைப் படைப்பவர்கள் முதலில் பெயர் வைக்கிறார்கள், பிறகு நிறம் பூசுகிறார்கள், கணக்கைக் கடைசிக்குத் தள்ளிவிடுகிறார்கள். முதல் தவறே அதுதான். விட்டம், தூரம் என்ற இரண்டு எண்களை முதலில் முடிவு செய்யுங்கள். மற்றதெல்லாம் அவை இழுத்த இழுப்புக்குத்தான் வரும்.

'குறுமதி' என்று ஒன்றை வைத்துக்கொள்வோம். விட்டம் 800 கி.மீ., பூமியின் மையத்திலிருந்து தூரம் 1 லட்சம் கி.மீ. நம் நிலாவின் விட்டம் 3,474 கி.மீ., சராசரித் தூரம் 3,84,400 கி.மீ. குறுமதியின் விட்டம் நிலாவினுடையதில் கால்வாசிகூட இல்லை. ஆனாலும் பக்கத்தில் இருப்பதால் கண்ணுக்கு ஏறக்குறைய நிலா அளவே தெரியும்.

அடுத்து சுற்றுக்காலம். தூர விகிதத்தை (0.26) கனப்படுத்தி, வர்க்கமூலம் எடுத்து, நிலாவின் 27.3 நாளால் பெருக்குங்கள். சுமார் 87 மணி நேரம் வரும்.

இங்கேதான் பலர் விழுகிறார்கள். "தினமும் மாலையில் குறுமதி கிழக்கே எழுந்தது" என்று எழுதிவிடுகிறார்கள். பூமி சுழலும் திசையிலேயே குறுமதியும் ஓடுகிறது. அதனால் ஓர் உதயத்துக்கும் அடுத்த உதயத்துக்கும் நடுவே 33 மணி நேரம் ஆகும். திங்கள் மாலை 6 மணிக்கு எழுந்தால் அடுத்தது புதன் அதிகாலை 3 மணிக்கு, பிறகு வியாழன் நண்பகலில், அதன்பின் வெள்ளி இரவு 9 மணிக்கு. எழுந்தால் ஏறக்குறைய 16 மணி நேரம் மறையாது. ஒரு தாளில் அட்டவணை போட்டு மேசையில் ஒட்டிவையுங்கள். இல்லையென்றால் ஐந்தாம் அத்தியாயத்தில் மாட்டிக்கொள்வீர்கள்.

பௌர்ணமியும் இதே கதைதான். குறுமதிக்கு 3 நாள் 16 மணிக்கு ஒருமுறை பௌர்ணமி வரும், சித்திரை மாதத்தில் மட்டும் எட்டு. திருப்பரங்குன்றத்தில் கிரிவலம் எந்த நிலாவுக்கு? பஞ்சாங்கக்காரர் திதியை எதை வைத்துக் கணிப்பார்? கதைக்குத் தீனி இங்கேதான் கிடக்கிறது, நிலாவுக்கு ஊதா நிறம் பூசுவதில் இல்லை.

கிரகணத்தை மறப்பவர்கள் இன்னும் அதிகம். 1 லட்சம் கி.மீ. தூரத்தில் பூமியின் கருநிழல் சுமார் 11,800 கி.மீ. அகலம் இருக்கும். குறுமதியின் பாதை பூமியின் பாதைக்கு 3 டிகிரிக்குள் சாய்ந்திருந்தால் ஒவ்வொரு பௌர்ணமியிலும் அது நிழலுக்குள் போய், அதிகபட்சம் சுமார் ஒன்றரை மணி நேரம் செம்பு நிறத்தில் மங்கிக் கிடக்கும். வெள்ளை நிலாதான் வேண்டும் என்றால் 20 டிகிரி சாய்வு கொடுங்கள், கிரகணம் வெகுவாகக் குறையும்.

கடல் விஷயம் சுருக்கமாக: பார்வைக்குத் தெரியும் அளவும் அடர்த்தியும் ஒன்றாக இருந்தால், கடலை இழுக்கும் வலுவும் ஒன்றே. குறுமதி நிலாவைவிடச் சற்றுச் சிறிதாகத் தெரிவதால் அதன் இழுப்பு நிலாவினுடையதில் 70 சதவீதம். மதுரையில் கடல் ஏது என்று விட்டுவிட வேண்டாம். பாம்பன் படகுக்காரர்களின் கணக்கு மாறினால் இங்கே மீன் விலையில் தெரியும்.

இனி ஊரின் வானம். மதுரை ஏறக்குறைய 10 டிகிரி வட அட்சரேகையில் இருக்கிறது. துருவ நட்சத்திரம் வடக்கு அடிவானத்திலிருந்து 10 டிகிரி உயரத்தில்தான் நிற்கும். கையை நீட்டி முஷ்டியை மடக்கினால் அதன் அகலம் அவ்வளவுதான். பக்கத்து வீட்டுத் தண்ணீர்த் தொட்டியே அதை மறைத்துவிடும். மொட்டை மாடியில் நிற்பவர் அதைத் தலைக்கு மேல் பார்ப்பதாக எழுதாதீர்கள். மூன்றாம் பிறையையும் குளிர்நாட்டுப் படங்களைப் பார்த்து அடைப்புக்குறி மாதிரி நிமிர்த்தி வைக்க வேண்டாம். இங்கே, அதுவும் தை, மாசியில், அது தோணி போலப் படுத்திருக்கும். வடகிழக்கே யானைமலைப் பக்கம் பௌர்ணமி நிலா எழ வேண்டுமா? கதையை மார்கழியில் வையுங்கள். ஆனி மாதத்தில் அது தென்கிழக்கில் எழும்.

அழகர் ஆற்றில் இறங்கும் அதிகாலையை எழுதுபவர்கள் இரண்டு முழுநிலாக்களை வைகைக்கு மேல் உச்சியில் தொங்கவிடுகிறார்கள். கிழக்கே சூரியன் எழும் வேளையில் முழுமதி எத்தனை இருந்தாலும் மேற்கே அடிவானத்தில்தான் இருக்கும். தங்கக் குதிரைக்கு நேர் மேலே குறுமதி வேண்டும் என்றால் அரைவட்டமாகப் போடுங்கள், ஒளிரும் பக்கம் கிழக்கு நோக்கி இருக்கட்டும்.