பழைய வீடியோ கேம் கருவிகளைச் சேகரிக்கத் தொடங்குவோருக்கு

வீட்டுத் தொலைக்காட்சியில் இணைத்து விளையாடும் கருவிகளின் வரலாறு, பொறியாளர் ரால்ஃப் பேயரின் முயற்சியால் உருவாகி 1972-இல் விற்பனைக்கு வந்த மேக்னவாக்ஸ் ஒடிசியில் தொடங்குகிறது. அதில் ஒலியும் இல்லை, நுண்செயலியும் இல்லை. பின்னணிக் காட்சிக்காகத் திரைமீது ஒட்டிய வண்ண பிளாஸ்டிக் தாள்கள்தாம் பெரும்பாலும் தொலைந்துபோயிருக்கும் என்பதால், வாங்குமுன் அவற்றை எண்ணிப் பாருங்கள். பேட்டரி அறையின் தகடுகளில் பச்சையோ வெள்ளையோ பூத்திருக்கிறதா என்றும் கவனியுங்கள்.

புதியவர்களுக்கு நான் பரிந்துரைப்பது 1977-இல் வந்த அட்டாரி 2600தான்; மிகுதியாக விற்றதால் எளிதில் கிடைக்கும். முகப்பில் ஆறு சுவிட்சுகள் இருந்தால் அது தொடக்ககாலத் தயாரிப்பு. கேட்ரிட்ஜ் (விளையாட்டு பதிந்துள்ள, கருவியில் செருகும் பெட்டி) இயங்காவிட்டால் உடனே பழுதென்று ஒதுக்கிவிடாமல், அதன் தொடுமுனைகளை ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலில் தோய்த்த பஞ்சால் துடைத்து, நன்கு உலர்ந்தபின் செருகிப் பாருங்கள். வாயால் ஊதுவது மட்டும் வேண்டாம். எச்சிலின் ஈரம் நாளடைவில் உலோகத்தை அரிக்கும்.