பள்ளியில் உங்களைச் சர்ப்ளஸ் (உபரி ஆசிரியர்) ஆக்கிவிட்டார்களா? மும்பையில் வழக்கை எங்கிருந்து தொடங்குவது

சஞ்ச் மான்யதாவில் (மாணவர் எண்ணிக்கையை வைத்து ஒரு பள்ளிக்கு எத்தனை ஆசிரியர் என்று கல்வித் துறை தரும் அனுமதியில்) ஒரு ஆசிரியர் இடம் போய்விட்டால், "இடத்தை எடுத்ததே தப்பு" என்று கோர்ட்டுக்குப் போகத்தான் முதலில் தோன்றும். அதில் பலன் குறைவு. பதவியை ஒழிப்பது நிர்வாகத்தின் கொள்கை முடிவு, கெட்ட நோக்கம் இருந்தால்தான் நீதிமன்றம் தலையிடும் என்று 1973லேயே எம். ராமநாத பிள்ளை வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. யாரை அனுப்பினார்கள், யாருடைய அனுமதியில், எந்தப் பள்ளிக்கு? உங்கள் வழக்கு நிற்பது இந்த மூன்று கேள்விகளில்தான். மாணவர் கணக்கே பிசகியிருந்தால் மட்டும் அதை உடனே எழுத்தில் ஆட்சேபியுங்கள். ஆதார் சரிபார்ப்பு முடியாத பிள்ளைகள் விடுபட்டுப் போவது உண்டு.

தாராவி, மாட்டுங்கா, செம்பூர்ப் பக்கத்துத் தனியார் பள்ளி ஆசிரியர்களுக்குப் பொருந்துவது 1977ஆம் ஆண்டின் எம்.இ.பி.எஸ். சட்டமும் (மகாராஷ்டிரத் தனியார் பள்ளி ஊழியர்களின் பணி நிபந்தனைச் சட்டம்) அதன் 1981ஆம் ஆண்டின் விதிகளும். மாநகராட்சிப் பள்ளிகள் இதில் வராது, அவர்கள் வழி வேறு.

அந்த விதிகளில் கையில் வைத்துக்கொள்ள வேண்டியது விதி 26. வகுப்போ பிள்ளைகளோ குறைந்ததால் நிரந்தர ஆசிரியரை ஆட்குறைப்பு செய்ய வேண்டுமானால் 3 மாத நோட்டீஸ் வேண்டும், கல்வி அதிகாரியின் முன் அனுமதியும் வேண்டும். சீனியாரிட்டி பார்க்க வேண்டும்; ஜூனியரை வைத்துக்கொண்டு சீனியரை அனுப்பினால் அதற்கான சிறப்புக் காரணத்தைச் சொல்லித்தான் அனுமதி கேட்க முடியும். உதவிபெறும் பள்ளி என்றால் இன்னொன்று: வேறு பள்ளியில் சமாயோஜன் (மாற்றுப் பணியமர்த்தல்) ஆகும்வரை உங்களை வெளியேற்றக் கூடாது. அனுமதிக் கடிதத்தின் தேதி உங்களை அனுப்பிய தேதிக்குப் பிந்தியதாக இருக்கிறதா என்று பாருங்கள். நிர்வாகங்கள் சறுக்கும் இடம் அதுதான்.

சீனியாரிட்டிப் பட்டியலை ஆண்டுதோறும் கையெழுத்துக்குச் சுற்ற விடுவார்கள். படிக்காமல் கையெழுத்துப் போடுபவர்தான் பிறகு மாட்டுவார். தொடக்கப் பள்ளியில் உரிய கல்வித் தகுதி பெற்ற பிறகு தொடர்ந்து பணியாற்றத் தொடங்கிய தேதி முக்கியம். உயர்நிலையில் விதிகளோடு உள்ள அட்டவணை எஃப்-இன் எந்தத் தகுதிப் பிரிவுக்குள் எப்போது நுழைந்தீர்கள் என்பதே கணக்கு, முதலில் சேர்ந்த தேதி மட்டும் போதாது. தவறு தெரிந்தால் நிர்வாகத்துக்கு ஆட்சேபம் எழுதி, ஆவக் (உள்வரவுப் பதிவு) நம்பர் போட்ட நகலை வாங்கிக்கொள்ளுங்கள். ஆவக் முத்திரை இல்லாத காகிதத்தை யாரும் கண்டுகொள்ள மாட்டார்கள்.

நீங்கள் காத்திருக்கும்போதே வேறொரு பள்ளி புதியவரை நியமித்துவிட்டதா? நிரந்தரக் காலியிடத்தை நிரப்பும் முன் தகுதியான சர்ப்ளஸ் ஆசிரியர் இருக்கிறாரா என்று கல்வி அதிகாரியிடம் கேட்டிருக்க வேண்டும். எம்.இ.பி.எஸ். சட்டத்தின் பிரிவு 5 சொல்வது அதுதான். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மூன்றைக் கேளுங்கள்: அந்த ஆண்டின் சஞ்ச் மான்யதா நகல், சர்ப்ளஸ் பட்டியல், புதிய நியமனத்துக்கான அனுமதி ஆணை. மொழிச் சிறுபான்மைப் பள்ளிகள் தங்களுக்குத் தனி உரிமை உண்டு என்று வாதாடும், அதற்கும் தயாராக இருங்கள்.

வேலை போய்விட்டால் பிரிவு 9இன்படி ஸ்கூல் டிரிப்யூனலில் (பள்ளி ஊழியர் வழக்குகளுக்கான தீர்ப்பாயத்தில்) மேல்முறையீடு. ஆணை கிடைத்த நாளிலிருந்து 30 நாள்தான் அவகாசம். தாமதத்தைத் தக்க காரணம் காட்டி மன்னிக்கக் கேட்கலாம், ஆனால் கல்வி அலுவலகத்துக்கு அலைந்துகொண்டிருந்தேன் என்பது பலமான காரணம் ஆகாது. டிரிப்யூனல் முதலில் கேட்பது பள்ளிக்கு அங்கீகாரம் உண்டா, உங்கள் நியமனம் பிரிவு 5இன்படி நடந்ததா என்பதைத்தான். ஆகவே நியமன ஆணை, தேர்வு விவரம், பணி அனுமதி ஆணை மூன்றும் மனுவோடு போக வேண்டும். அங்கே தோற்றால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு.

"ராஜினாமா எழுதிக் கொடுங்கள், சமாயோஜன் பண்ணிவிடுகிறோம்" என்றால் எழுதாதீர்கள். கொடுக்கும் மாற்றுப் பள்ளி தூரம் என்று சட்டென மறுக்கவும் வேண்டாம். மறுத்தால் சமாயோஜன் உரிமையே போய்விடும். ஆட்சேபத்தை எழுதிக் கொடுத்துவிட்டு அந்தப் பள்ளியில் பணியில் சேருங்கள். பழைய பள்ளியில் அதே பாடத்துக்கு இடம் மீண்டும் வந்தால் முதல் வாய்ப்பு உங்களுக்கு. தபாலில்தான் கூப்பிடுவார்கள். வீடு மாறினால் புது முகவரியை அந்த நிர்வாகத்துக்கு எழுத்தில் கொடுத்து வையுங்கள்.